ஐவர்மலைக் கல்வெட்டும் பத்தின் வர்க்கமூலமும்

பழனிக்கு மேற்கே, அய்யம்பாளையத்தை அடுத்து உயர்ந்து நிற்பது ஐவர்மலை. திருவயிரை என்று பழங்கல்வெட்டு போற்றும் இம்மலையில், இயற்கையான பாறைத் தாழ்வாரத்தின் மேல் தீர்த்தங்கரர் திருவுருவங்கள் வரிசையாகச் செதுக்கப்பெற்றுள்ளன. குணவீரக் குரவடிகளின் மாணாக்கரான சாந்திவீரக் குரவர், பார்சுவ படாரர் திருமேனியையும் இயக்கியர் திருமேனிகளையும் புதுக்கி, திருவமுதுக்கும் அடிகள் ஒருவருக்குச் சோறிடவும் 505 காணம் பொன் வைத்தார். சக ஆண்டு 792, வரகுண பாண்டியனின் எட்டாம் ஆட்சியாண்டு என்று கல்வெட்டு குறிப்பதால், இது கி.பி. 870இல் நிகழ்ந்ததாகும்.

அதே நூற்றாண்டில், இராட்டிரகூட மன்னன் அமோகவர்ஷன் காலத்தில் வாழ்ந்தவர் மகாவீராசாரியார். அவர் ஏறத்தாழ கி.பி. 850இல் இயற்றிய கணிதசார சங்கிரகத்தை, பேராசிரியர் மா. ரங்காசாரியார் ஆங்கில மொழிபெயர்ப்புடன் பதிப்பிக்க, 1912இல் அது சென்னையில் வெளிவந்தது. வட்டத்தின் விட்டத்தை மூன்றால் பெருக்கினால் பருமையான சுற்றளவும், பத்தின் வர்க்கமூலத்தால் பெருக்கினால் நுண்மையான சுற்றளவும் கிடைக்கும் என்கிறது அந்நூல்.

பள்ளிப் பிள்ளைகள் இன்று பயில்வது 22/7. ஒன்று வர்க்கமூலம், மற்றொன்று பின்னம். இவற்றுள் பெரியது எது? இரண்டும் மிகை எண்களாதலின், இரண்டையும் வர்க்கப்படுத்தினால் விடை புலப்படும். 22/7இன் வர்க்கம் 484/49. மற்றதன் வர்க்கம் 10, அதாவது 490/49. பகுதி ஒன்றாகிவிட்டபின் தொகுதிகளை நோக்கினால் போதும்; 490 பெரிதாகலின் பத்தின் வர்க்கமூலமே பெரிது. பின்னங்களின் பகுதிகளை ஒன்றாக்க, 'நிருத்தம்' என்னும் மீச்சிறு பொது மடங்கை மகாவீராசாரியார் வகுத்துரைத்தார் என்பதும் ஈண்டு நினையத்தக்கது.

வேறுபாடு சிறிதெனத் தோன்றும். ஆயின் பேரளவில் அது பெரிதாகும். நாவலந்தீவின் விட்டம் ஒரு லட்சம் யோசனை என்பது ஆகமக் கணக்கு. பத்தின் வர்க்கமூலத்தால் அதன் சுற்றளவு 3,16,227 யோசனைக்குச் சற்று மிகும். 22/7ஆல் 3,14,285 யோசனைக்குச் சற்று மிகும். இடைவெளி ஏறத்தாழ 1,942 யோசனை! உண்மையான விகிதத்தால் பெருக்கினால் வருவது 3,14,159 யோசனைக்குச் சற்று மிகுதி. எனவே, 22/7ஏ உண்மைக்கு அணித்தாகும்.

முன்னோர் கூறியதாலேயே பத்தின் வர்க்கமூலம் முற்றும் சரியென வாதிடுவாரும், பிழையென்று அனைத்தையும் ஒதுக்குவாரும் உளர். இருசாராரும் வீரசேனாசாரியாரை நோக்குதல் நலம். கி.பி. 816இல் நிறைவெய்தியதாகக் கருதப்பெறும் தவளா உரையில் அவர் காட்டும் விதி இது: விட்டத்தைப் பதினாறால் பெருக்கி, பதினாறு கூட்டி, 113ஆல் வகுத்து, விட்டத்தின் மும்மடங்கைச் சேர்க்க வேண்டும். கூட்டிய பதினாறை நீக்கினால் எஞ்சும் விகிதம் 355/113. நாவலந்தீவின் அளவுக்கு இவ்விதியைப் பொருத்தினால், உண்மைச் சுற்றளவினின்று ஒரு யோசனையும் பிறழாது.

பத்தின் வர்க்கமூலம் வழங்கிய மரபிலேயே அதனினும் நுண்ணிய அளவும் தோன்றியது. பழைய அளவை மறைக்காமலும் புதியதை மறுக்காமலும் இரண்டையும் நிறுத்துப் பார்க்கும் நேர்மையே அவ்வாசாரியர்கள் விட்டுச்சென்ற செல்வம். ஐவர்மலைக்கு இளையோரை அழைத்துச் செல்லும் குடும்பங்கள், திருமேனிகளைத் தொழுதபின் இச்சிறு கணக்கையும் அவர்கள் கையால் செய்து பார்க்கச் சொல்லலாம்.