அக்கரைச் சீட்டு - 11: பில்லை இல்லாத மனிதன்

(சென்ற வாரம்: 1839-இல் கூலிக் கப்பல்களைத் தடுத்து நிறுத்திய கம்பெனி சர்க்கார், கரும்பு முதலாளிகளின் நெருக்கடிக்குப் பணிந்து 1842-இல் மொரீஷியசுக்கு மறுபடியும் வழிவிட்டது. துறைமுகத்தில் காவலுக்கு ஓர் அதிகாரியை உட்காரவைத்தது. சரி, துறைமுகத்துக்கு வருவதற்கு முன்னால் கிராமத்தில் நடப்பதை யார் கேட்பது?)

லைசென்ஸ்! சர்க்கார் கண்டுபிடித்த விடை அதுதான்.

1864-இல் ஒரு சட்டம், 1871-இல் இன்னொன்று என்று ஒட்டுப்போட்டு, கடைசியில் 1883-இல் 21-ஆம் சட்டம் வந்தது. படித்துப் பார்த்தால் ஓட்டையே தெரியாது. ஆள் சேர்ப்பவருக்கு முதலில் அந்தந்தக் காலனியின் ஏஜெண்டு சிபாரிசு செய்யவேண்டும். துறைமுகத்தில் இருக்கும் ‘புரொடெக்டர்’ லைசென்ஸ் தரவேண்டும். எந்த ஜில்லாவில் ஆள் எடுக்கப் போகிறாரோ அந்த ஜில்லா மாஜிஸ்திரேட்டும் அதில் கையெழுத்துப் போடவேண்டும். ஆண்டு முடிந்தால் லைசென்ஸும் காலாவதி. இன்ன காலனிக்கு ஆள் எடுப்பவர் என்று பார்த்தவுடன் தெரிய, சட்டையில் பில்லை வேறு.

சேர்த்த ஆளை நேரே கப்பலுக்குக் கூட்டிப்போகவும் முடியாது. பதிவு அதிகாரி முன்னால் நிறுத்தியாக வேண்டும். பெயர் என்ன? தகப்பன் பெயர்? வயது? சாதி? கிராமம்? எல்லாம் பதிவேட்டில் ஏறும். பிறகு அந்தக் கடைசிக் கேள்வி: “இஷ்டப்பட்டுத்தான் போகிறாயா?”

தலை அசையும். பேனா ஓடும். ஐந்து வருஷ ஒப்பந்தம் முடிந்தது.

இவ்வளவு கச்சிதமான சட்டம் இருந்தும், கோயிலுக்குப் போன பெண் திரும்பவில்லை, சந்தைக்குப் போன பையனைக் காணோம் என்ற புகார்கள் ஏன் நிற்கவில்லை?

1883 சட்டம் வருவதற்கு முன்பே, இதே கேள்விக்கு விடை தேடி சர்க்கார் இரண்டு பேரை அனுப்பியிருந்தது. வடமேற்கு மாகாணங்களுக்கும் அவத்துக்கும் 1882-இல் மேஜர் பிட்சர். வங்காள மாகாணத்துக்கு ஜார்ஜ் கிரியர்சன். பின்னாளில் இந்திய மொழிகளை எல்லாம் கணக்கெடுத்த அதே கிரியர்சன்தான். கடல் கடந்து போவது ஏழைகளுக்கு நல்லது என்று நம்பியவர் அவர். குற்றம் கண்டுபிடிக்க வேண்டும் என்று கிளம்பியவர் அல்ல. அதனால்தான் 1883-இல் அவர் கொடுத்த அறிக்கை கூடுதலாகக் குத்தியது.

அந்த அறிக்கையில் இரண்டு மனிதர்கள் வருகிறார்கள். ஒருவர், லைசென்ஸும் பில்லையும் உள்ளவர். அவர் ஊர் ஊராக அலைவதில்லை. டவுனில் இருக்கும் டிப்போவில் காத்திருப்பார். அலைகிறவன் வேறு ஆள். சந்தை, சத்திரம், ரயிலடி, படித்துறை என்று சுற்றி, வேலை தேடி வந்தவனிடமும் வீட்டில் சண்டைபோட்டுக்கொண்டு வந்தவளிடமும் நைச்சியமாகப் பேச்சுக் கொடுத்து அழைத்துவருபவன். அவனுக்குப் பெயர் அர்காட்டி. அவனிடம் லைசென்ஸ் கிடையாது. பில்லை கிடையாது. எந்தப் பதிவேட்டிலும் அவன் பெயர் கிடையாது.

ஆசை வார்த்தை சொன்னது அவன். கையெழுத்துப் போட்டது மற்றவர். விவகாரம் என்று வந்தால், “யார் கூட்டிவந்தார்களோ, எனக்குத் தெரியாது” என்று பில்லைக்காரர் கைகழுவிவிடலாம். தப்புச் செய்தவரின் லைசென்ஸை ரத்து செய்ய மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரம் இருந்தது, ரத்தும் செய்தார்கள். அர்காட்டியிடம் ரத்து செய்ய என்ன இருக்கிறது?

இதற்கெல்லாம் அடியில் இருந்தது தலைக்கு இவ்வளவு என்ற கமிஷன். ஆண் தலைக்கு ஒரு விலை. பெண்ணுக்கு அதைவிடக் கூட. காரணம், 100 ஆண்களுக்கு 40 பெண்கள் கப்பலேறியாக வேண்டும் என்பது விதி. குடும்பமாகப் போகட்டும் என்ற நல்லெண்ணத்தில் போட்ட விதிதான். அதுவே காசியிலும் மதுராவிலும் அயோத்தியிலும் தனியாக வந்த விதவைகளின் தலைக்கு விலை ஏற்றியது.

தமிழ்க் கரைக்கும் இந்தக் கதை தெரியாததல்ல. 1860-இல் ‘ட்ரூரோ’ கப்பல் நேட்டாலுக்குக் கிளம்பியது சென்னையிலிருந்துதான். 1903 முதல் பிஜிக்கும் சென்னையில் ஆள் ஏற்றினார்கள். பிஜி ஒப்பந்தத்தில் எல்லாம் விவரமாக இருந்தது. வாரநாளில் 9 மணி நேரம் வேலை, சனிக்கிழமை 5 மணி. ஆணுக்குத் தினம் ஒரு ஷில்லிங், அன்றைய மதிப்பில் 12 அணா. பெண்ணுக்கு 9 பென்ஸ். ஒன்று மட்டும் அதில் இல்லை: கொடுத்த வேலையை முடிக்காவிட்டால் அபராதம், ஜெயில் என்ற செய்தி!

“இஷ்டப்பட்டுத்தான் போகிறாயா?” என்று கேட்ட அதிகாரிக்கும் அதைச் சொல்லவேண்டிய கட்டாயம் இல்லை.

இது ஏதோ பழங்கதை என்று தள்ளிவிடாதீர்கள். அந்த 1883 சட்டத்துக்குச் சரியாக நூறு ஆண்டு கழித்து, 1983-இல், சுதந்திர இந்தியா தன் குடிபெயர்வுச் சட்டத்தைக் கொண்டுவந்தது. அதிலும் பதிவுச் சான்றிதழ் உண்டு, பிணைத்தொகை உண்டு, புரொடெக்டர் என்ற பதவியும் உண்டு. வளைகுடாவுக்கு ஆள் அனுப்பும் பதிவுபெற்ற ஏஜென்சி நகரத்தில் இருக்கும். கிராமத்துக்கு வந்து பாஸ்போர்ட்டையும் பணத்தையும் வாங்கிப்போகிற சப்-ஏஜெண்டின் பெயர் அதன் ரசீதில் இருக்காது. அந்தக் கதை இத்தொடரின் பிற்பகுதியில் வரும்.

இப்போது மறுபடியும் பழைய கதைக்கு, கல்கத்தாவில் கூடிய சட்டசபைக்கு. லைசென்ஸைத் திருத்தித் திருத்திப் பார்த்துச் சலித்தவர்கள் ஒரு முடிவுக்கு வந்திருந்தார்கள்: ஓட்டையை அடைத்துப் பயனில்லை, கடையையே மூடவேண்டும். 1910 பிப்ரவரியில் கோபால கிருஷ்ண கோகலே சட்டசபையில் எழுந்து, நேட்டாலுக்கு ஆள் அனுப்புவதை நிறுத்தவேண்டும் என்றார். சர்க்கார் ஆச்சரியமாக ஒப்புக்கொண்டது. 1911 ஜூலை 1 முதல் நேட்டால் கதவு மூடியது.

அந்தத் தெம்பில் 1912 மார்ச் 4 அன்று கோகலே மறுபடி எழுந்தார். இந்த முறை ஒரு காலனி அல்ல, எல்லாக் காலனிகளும். ஒப்பந்தக் கூலி முறையே வேண்டாம் என்பது தீர்மானம். இந்திய உறுப்பினர்கள் அவர் பக்கம். ஆனால் சபையில் பெரும்பான்மை அதிகாரிகளுக்கு. நேட்டாலில் இறங்கிவந்த சர்க்கார், பிஜி, டிரினிடாட், டெமராரா தோட்டங்களின் கூலிப் பஞ்சத்துக்கும் சேர்த்து இறங்கிவருமா?

விவாதம் முடிந்தது. ஓட்டெடுப்பு தொடங்கியது.

அந்த ஓட்டைவிடப் பெரிய அடி, அடுத்த ஆண்டு பிஜியின் ஒரு வாழைத் தோட்டத்தில், மேஸ்திரித் துரையின் பிடியிலிருந்து திமிறி ஆற்றில் குதித்த ஒரு பெண்ணிடமிருந்து வரப்போகிறது என்பது அந்தச் சபையில் யாருக்கும் தெரியாது. யார் அவள்? ஆற்றிலிருந்து கரையேறினாளா?

(தொடரும்)