கேப்டன் லட்சுமியும் தோட்டத்துப் பெண்களும்

போர்முனையில் மருத்துவம் பார்த்த தமிழ்நாட்டுப் பெண் யார் என்று கேட்டால், கேப்டன் லட்சுமி என்று உடனே பதில் வரும். சரியான பதில்தான். ஆனால் நாம் அதோடு நின்றுவிடுகிறோம்.

1914-ல் சென்னையில் வசதியான குடும்பத்தில் பிறந்தவர் லட்சுமி. 1938-ல் சென்னை மருத்துவக் கல்லூரியில் எம்.பி.பி.எஸ். முடித்தார். நாம் கோஷா ஆஸ்பத்திரி என்று சொல்லும் திருவல்லிக்கேணி மருத்துவமனையில் வேலை பார்த்தார். 1940-ல் சிங்கப்பூர் போய், பிழைக்க வந்த ஏழைத் தொழிலாளர்களுக்கு மருத்துவம் செய்தார். 1943-ல் நேதாஜி அமைத்த ஜான்சி ராணிப் படைக்குத் தலைமை ஏற்றார்.

அந்தப் படையில் இருந்தவர்கள் யார்? பலர் மலாயா ரப்பர் தோட்டத் தொழிலாளர் வீட்டுப் பெண்கள், தமிழர்கள். தஞ்சை, திருச்சி, வட ஆற்காடு, நம் மாங்காடு அடங்கிய பழைய செங்கல்பட்டு மாவட்டம் என்று பல இடங்களிலிருந்து கங்காணிகள் கப்பலேற்றிய மக்களில் பெரும்பங்கு ஒடுக்கப்பட்ட சாதியினர். ஊரில் தனிக் கிணறு, தனிச் சுடுகாடு என்று வாழ்ந்தவர்களின் பிள்ளைகள், இந்திய தேசிய ராணுவத்தில் எல்லோரோடும் ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள்.

1944-ல் இம்பால் போர் தோற்றது. காயம், மலேரியா, வயிற்றுப்போக்கு, பட்டினி எல்லாம் சேர்ந்து வீரர்களைச் சாய்த்தன. பர்மாவின் மேமியோ மருத்துவமனைக்கு வந்தவர்களுக்கு ராணிப் படைப் பெண்கள் இரவு பகலாகப் பணிவிடை செய்தார்கள். மருத்துவரின் கை ஒன்று என்றால், புண் கழுவிய கைகள் பல.

1945 மே மாதம் லட்சுமி பிடிபட்டார். 1946 மார்ச்சில்தான் இந்தியா திரும்ப முடிந்தது. பிறகு கான்பூரில் ஏழைகளுக்கு மருத்துவம், 1971-ல் வங்கதேச அகதிகளுக்கு, 1984-ல் போபாலில். அவர் மீது நமக்கு மரியாதை உண்டு.

ஆனால் தோட்டத்துப் பெண்கள் மறுபடி பால்மரக் காட்டுக்கே போனார்கள். இன்று நமக்குப் பெயர் தெரிந்த ஜானகி ஆதிநாகப்பன், ராசம்மா பூபாலன் போன்றவர்கள் படித்த குடும்பத்துப் பெண்கள். மற்றவர்கள் எண்ணிக்கையாகிப் போனார்கள்.

போர் அவர்கள் கையில் துப்பாக்கி கொடுத்தது, காயத்துக்குக் கட்டுப்போடச் சொன்னது. மருத்துவக் கல்லூரி வாசலை யாரும் திறந்துவிடவில்லை. 2017-ல் பிளஸ் டூவில் 1176 மதிப்பெண் எடுத்த அரியலூர் அனிதாவுக்கும் நீட் அதே வாசலை அடைத்தது.

தோழர்களே, லட்சுமியைப் படியுங்கள். படிக்கும்போது, அவர் பக்கத்தில் நின்றவர்கள் ஏன் மருத்துவராக முடியவில்லை என்றும் கேளுங்கள்.