கல்லுள்ள ஊரும் சாலையுள்ள ஊரும்

அரியலூரும் பெரம்பலூரும் நீண்ட காலம் ஒரே நிர்வாகத்தின் கீழ் இருந்தவை. 1995-இல் திருச்சியிலிருந்து பெரம்பலூர் மாவட்டம் பிரிந்தபோது அரியலூர் அதற்குள் அடங்கியிருந்தது. 2001 ஜனவரியில் தி.மு.க. அரசு அரியலூரைத் தனி மாவட்டமாக்கியது. அடுத்த ஆண்டே அ.தி.மு.க. அரசு அதைப் பெரம்பலூரோடு திரும்பச் சேர்த்தது. 2007 நவம்பரில் தி.மு.க. ஆட்சி மறுபடி பிரித்தது. இரு பக்கமும் பெரும்பாலும் மானாவாரி. பெரம்பலூரில் பருத்தி, மக்காச்சோளம், சின்ன வெங்காயம். அரியலூரின் கிழக்கே முந்திரி. ஆனாலும் தொழில் இந்த இரண்டு ஊர்களுக்கும் வெவ்வேறு வாசல் வழியாகத்தான் வந்தது. எந்த வாசல் எப்போது திறக்கும் என்பதைப் பெரும்பாலும் அரசாங்கமே முடிவு செய்தது.

அரியலூருக்கு வாசல் நிலத்தடியில் இருந்தது. கிரெட்டேசியஸ் காலத்துக் கடல் விட்டுச்சென்ற சுண்ணாம்புக்கல் அங்கே மேலாகவே கிடைக்கிறது. சிமெண்டுக்கு அடிப்படையான கிளிங்கர் ஒரு டன் செய்யச் சுமார் ஒன்றரை டன் சுண்ணாம்புக்கல் வேண்டும். அவ்வளவு கல்லைத் தூரத்துக்கு இழுத்துப்போனால் கட்டுப்படியாகாது. ஆலைதான் கல்லைத் தேடி வர வேண்டும். விழுப்புரம் - திருச்சி கார்டு லைன் ரயில் பாதையும் அரியலூர் வழியாகவே போகிறது. இவ்வளவு இருந்தும் தனியார் ஆலைகள் பெருவாரியாக வந்தது 1990-களில்தான். பக்கத்து டால்மியாபுரத்தில் 1939-லேயே சிமெண்ட் ஆலை வந்துவிட்டது. அரியலூர் ஏன் அத்தனை காலம் காத்திருந்தது?

சிமெண்டின் விலையையும் விநியோகத்தையும் மத்திய அரசு நெடுங்காலம் தன் கையில் வைத்திருந்தது. சரக்குக் கட்டணத்தைப் பொதுவில் சேர்த்து, ஆலை எங்கிருந்தாலும் வாங்குபவருக்கு ஒரே விலை என்று வகுத்திருந்தார்கள். உரிமம் இல்லாமல் ஆலை கட்ட முடியாது. அந்தக் காலத்தில் அரியலூரில் ஆலை எழுப்பியது மாநில அரசின் டான்செம். 1979-இல் உற்பத்தி தொடங்கியது. 1982-இல் கட்டுப்பாடு பாதி தளர்ந்தது, 1989 மார்ச்சில் முழுவதும் நீங்கியது, 1991-இல் உரிம முறையும் போனது. அதன் பிறகு ராம்கோ, அல்ட்ராடெக், இந்தியா சிமெண்ட்ஸ், செட்டிநாடு, டால்மியா என்று ஆலத்தியூர், கோவிந்தபுரம், ரெட்டிபாளையம், தளவாய், கீழப்பழுவூர், தாமரைக்குளம் வரை புகைபோக்கிகள் வரிசையாக நின்றன. பாறை மாறவில்லை, டெல்லியின் விதிகள் மாறின.

அதே 1989-இல் நடந்த இன்னொன்றை நம் ஊர்ப் பேச்சில் யாரும் நினைவுகூர்வதில்லை. தமிழ்நாடு ஊராட்சிச் சட்டத்தின்படி சுரங்கங்கள் அரசுக்குக் கட்டும் ராயல்டி மீதும் உள்ளாட்சிக்காக ரூபாய்க்கு 45 காசு வரி விதிக்கப்பட்டிருந்தது. இந்தியா சிமெண்ட்ஸ் தொடுத்த வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு, ராயல்டியே ஒரு வரிதான், அதன் மேல் வரி போட மாநிலத்துக்கு அதிகாரமில்லை என்றது. தனியாருக்குச் சந்தை திறந்த ஆண்டிலேயே, தன் மண்ணில் வெட்டும் கல்லுக்கு வரி கேட்கும் கையை மாநிலம் இழந்தது. அரியலூரின் கதையில் எனக்கு மிக முக்கியமாகப் படுவது இதுதான். கல்லைப் பெயர்த்து ஆந்திராவுக்குக் கொண்டுபோக முடியாது. ஆகவே பேரம் பேசும் பலம் முழுவதும் மாநிலத்திடமே இருந்திருக்க வேண்டும். சட்டம் அந்தப் பலத்தை 35 ஆண்டுகள் முடக்கியது. 2024 ஜூலை 25 அன்று ஒன்பது நீதிபதிகள் அமர்வு, எட்டுக்கு ஒன்று என்ற கணக்கில் பழைய தீர்ப்பைத் தள்ளியது. அதையடுத்துத் தமிழ்நாடு, கனிம நிலங்களுக்கு வரி விதிக்கத் தனிச் சட்டம் இயற்றியது. இடைப்பட்ட காலத்தில் டிப்பர் லாரிகள் கிழித்த ஊர்ச்சாலைகளுக்கும், வெட்டி முடித்துவிட்டுப்போன பள்ளங்களுக்கும் யார் ஈடு கொடுப்பது?

பெரம்பலூருக்கு அந்த அளவுக்குக் கல்லும் இல்லை, ரயிலும் இல்லை. இருப்பது சென்னை - திருச்சி நெடுஞ்சாலை. அங்கே தொழில் வர வேண்டுமென்றால் யாராவது அழைத்து வர வேண்டும். 1970-களின் இறுதியில் எறையூரில் பொதுத்துறைச் சர்க்கரை ஆலை வந்தது. கரும்பு போட்டவர்களுக்கு அதுதான் ஆதாரம். பிறகு 2005-இன் சிறப்புப் பொருளாதார மண்டலச் சட்டம். மாநில அரசின் டிட்கோவும் தனியார் ஜி.வி.கே. நிறுவனமும் சேர்ந்து எறையூர், திருமாந்துறைப் பக்கம் மண்டலம் அமைக்கப்போவதாகச் சொல்லி, சுமார் 3,000 ஏக்கர் விவசாயிகளிடமிருந்து கைமாறியது. வீட்டுக்கு ஒருவருக்கு வேலை என்ற நம்பிக்கையில் நிலம் கொடுத்தவர்கள், ஆண்டுக்கணக்கில் அங்கே கருவேலம் வளர்வதைப் பார்த்தார்கள்.

அரியலூர்ப் பக்கமும் இந்த நோவு உண்டு. ஜெயங்கொண்டம் பழுப்பு நிலக்கரி மின் திட்டத்துக்காக 1990-களில் எட்டாயிரம் ஏக்கருக்கும் மேல் அரசு கையகப்படுத்தியது. சுரங்கமும் வரவில்லை, மின்சாரமும் வரவில்லை. இழப்பீட்டுக்காக ஜனங்கள் நீதிமன்றம் ஏறி இறங்கியதுதான் மிச்சம். கடைசியில் அரசு திட்டத்தைக் கைவிட்டு நிலத்தைத் திருப்பித் தர முன்வந்தது. நிலத்தை முதலில் எடு, தொழிலைப் பிறகு தேடு என்ற நடைமுறையில் இரு மாவட்டங்களும் ஒன்றுதான். வித்தியாசம் பத்திரத்தில் இருக்கிறது. ஜெயங்கொண்டத்தில் எடுத்தது அரசு, எனவே அரசால் திருப்பித் தர முடிந்தது. பெரம்பலூரில் கிரயமாக எழுதிக் கொடுத்தவர் யாரிடம் போய் நிற்பார்?

இப்போது பெரம்பலூருக்கு வேறொரு காற்று வீசுகிறது. எம்.ஆர்.எஃப். டயர் ஆலை நாரணமங்கலத்தில் ஓடுகிறது. 2022-இல் மாநிலம் காலணித் தொழிலுக்கெனத் தனிக் கொள்கை வகுத்தது. அந்த நவம்பரில் எறையூர் சிப்காட் தொடங்கப்பட்டது. அடுத்த ஆண்டு அங்கே குராக்ஸ் காலணி செய்யும் ஆலை திறந்தது. பெண்களுக்கு இத்தனை வேலை தரும் தொழில் இந்தப் பகுதிக்கு இதுவரை வந்ததில்லை. அந்த வரவை நான் மனமாரப் பாராட்டுகிறேன். ஆனால் காலணித் தொழிலின் பாதையையும் பார்க்க வேண்டும். இந்தத் தொழிலில் ஊறிய தைவான்காரர்கள் முதலில் தங்கள் தீவிலேயே தைத்தார்கள். கூலி ஏறியதும் சீனாவுக்குப் போனார்கள், அங்கிருந்து வியட்நாமுக்கு, பிறகு நம் செய்யாறுக்கு, இப்போது எறையூருக்கு. தையல் வரிசைகளைக் கழற்றிக் கப்பலில் ஏற்றிவிடலாம். இதில் பேரம் பேசும் பலம் ஆலைக்காரரிடம்தான். அதனால்தான் மாநிலம் நிலமும் மானியமும் கொடுத்து அழைக்கிறது. 2024 நவம்பரில் ஜெயங்கொண்டம் சிப்காட்டிலும் ஒரு தைவான் காலணி ஆலைக்கு அடிக்கல் நாட்டினார்கள். கல் ஊரும் இப்போது அதே வரிசையில் நிற்கிறது.

மாவட்ட எல்லைக்குத் திரும்புகிறேன். 2007-இல் கோடு போட்டவர்கள் யாரும் 2015-ஐ எண்ணியிருக்க மாட்டார்கள். அந்த ஆண்டு கனிமச் சட்டத் திருத்தம் மாவட்டக் கனிம அறக்கட்டளையைக் கொண்டுவந்தது. திருத்தத்துக்கு முன்பே சுரங்கக் குத்தகை பெற்றவர்கள் ராயல்டியில் 30 விழுக்காட்டைச் சுரங்கமுள்ள மாவட்டத்துக்கே தர வேண்டும். சாதாரண சுண்ணாம்புக்கல்லுக்கு ராயல்டி டன்னுக்கு 80 ரூபாய். அதன்படி அறக்கட்டளைக்கு 24 ரூபாய். சிமெண்ட் வட்டாரம் பெரும்பாலும் கோட்டுக்கு அரியலூர்ப் பக்கம் போய்விட்டதால், அந்தப் பணத்தின் பெரும்பங்கு அரியலூருக்கே.

ஆனால் அதே திருத்தம் இன்னொன்றையும் சொல்கிறது. சொந்த ஆலைக்காகக் கல் வெட்டும் பழைய குத்தகைகளில் பல 2030 மார்ச் 31-இலோ அதற்குப் பிறகோ முடியும், பின்னர் ஏலம். ஏலத் தொகை மாநிலக் கருவூலத்துக்குப் போகும். ஏலத்தில் எடுத்த சுரங்கம் அறக்கட்டளைக்குத் தர வேண்டியது ராயல்டியில் 10 விழுக்காடுதான். இன்றைய விகிதப்படி டன்னுக்கு 24 ரூபாய் பெறும் அரியலூர் மாவட்டத்துக்கு அப்போது 8 ரூபாய். ஏலத் தொகையில் ஒரு பங்கைச் சுரங்க ஊர்களுக்கென்று ஒதுக்கும் விதியை, முதல் ஏல அறிவிப்பு வரும் முன்னரே சென்னை எழுதி வைக்க வேண்டும்.