கொட்டையில் கறந்த பால்

சாயங்காலம் ஐந்து மணி தாண்டினால் மதுரையின் மாசி வீதிகளிலும் சிம்மக்கல் பக்கமும் தள்ளுவண்டிகள் வந்து நிற்கும். பெரிய பாத்திரம், அடியில் அணையாத சிறு தீ, பக்கத்தில் கிண்ணம் நிறையத் தேங்காய்ப்பூ. வண்டியின் நெற்றியில் 'பருத்திப்பால்' என்று எழுதியிருக்கும். உள்ளூர்க்காரர் அந்த எழுத்தைப் படிப்பதே இல்லை. சுக்கு வாசனை போதும், கால் தானாக நிற்கும். வெளியூர்க்காரர்தான் படித்துவிட்டுத் திகைப்பார். பருத்தி தெரியும், பால் தெரியும். இரண்டும் ஒரே டம்ளருக்குள் எப்படி? பஞ்சைப் பிழிகிறார்களா? பசும்பாலில் பஞ்சைப் போட்டுக் காய்ச்சுகிறார்களா?

அந்த டம்ளரில் மாட்டுப்பால் ஒரு சொட்டு கிடையாது. பஞ்சு ஒரு இழை கிடையாது, இருக்கவும் கூடாது. இருப்பது பருத்திக்கொட்டையை ஆட்டிப் பிழிந்த சாறு. பெயரில் உள்ள இரண்டு சொற்களுமே ஆளை ஏமாற்றுவதுபோலத் தோன்றும். கொஞ்சம் கிளறிப் பார்த்தால் இரண்டுமே தங்கள் பழைய பொருளில்தான் நிற்கின்றன என்பது தெரியும்.

'பருத்தி' திராவிட மொழிகளின் சொந்தச் சொல். மலையாளத்திலும் பருத்திதான். கன்னடத்தில் ஹத்தி, தெலுங்கில் பத்தி அல்லது ப்ரத்தி. வடமொழி இதே செடியைக் கார்ப்பாசம் என்றது. அந்தச் சொல் இந்தியில் கபாஸ் ஆனது, கிரேக்கத்தில் கார்பசோஸ் ஆனது, கடல் தாண்டி மலாய், இந்தோனேசிய மொழிகளில் கபஸ் என்று குடியேறியது. ஆங்கிலத்தின் காட்டன் அரபு மொழியின் குத்ன் வழியாக வந்தது. தமிழ் அகராதிக்காரர்கள் கார்ப்பாசத்துக்கும் இடம் கொடுத்திருக்கிறார்கள். கரிசல் காட்டில் அந்தச் சொல்லை யாரும் சீண்டவில்லை.

செடிக்கும் பருத்தி, வெடித்த காயிலிருந்து எடுத்ததும் பருத்தி, நெய்து வந்த சேலையும் பருத்தி என்று ஒரே சொல் மூன்று வேலை பார்க்கிறது. ஆனால் மொழியின் கண் எப்போதும் இழைமேல்தான். புறநானூற்றிலேயே பருத்தி நூற்கும் பெண் வந்துவிடுகிறாள். 'பனுவல்' முதலில் பஞ்சு, நூல், பிறகு புத்தகம். 'நூல்' போன வழியும் அதுவே. சொலவடைகளும் அப்படித்தான். ஏர் பூட்டுவதற்கு முன்பே பங்கு கேட்பவனை 'பருத்திக்கு உழுமுன்னே தம்பிக்கு எட்டு முழம்' என்று கிண்டல் செய்தார்கள். நினையாத அதிர்ஷ்டம் வந்தால் 'பருத்தி புடவையாய்க் காய்த்தது' என்றார்கள். எல்லாவற்றிலும் துணி இருக்கிறது. கொட்டையைக் காணோம்.

நிறுத்துப் பார்த்தால் கணக்கு தலைகீழ். காட்டிலிருந்து வரும் நூறு கிலோ பருத்தியை அரவை மில்லில் கொடுத்தால் பஞ்சாகக் கிடைப்பது மூன்றில் ஒரு பங்குதான். மிச்சத்தில் பெரும்பகுதி கொட்டை. 19ஆம் நூற்றாண்டின் கடைசிப் பத்தாண்டில் ஹார்வி சகோதரர்களின் மதுரா மில் ஓடத் தொடங்கியதும் திருமங்கலம், விருதுநகர், கோவில்பட்டி கரிசலில் விளைந்ததற்கு வீட்டு வாசலிலேயே கிராக்கி வந்தது. பஞ்சு ஆலைக்குப் போனது. கொட்டை தொழுவத்துக்குப் போனது.

தொழுவத்தில் அதற்குத் தனி மரியாதை. ஊறவைத்து, ஆட்டுரலில் ஆட்டி, தவிட்டோடும் புண்ணாக்கோடும் கலந்து வைத்தால் கறவை மாட்டுப் பாலில் கொழுப்பு ஏறும் என்பது சம்சாரி வீட்டுப் பால பாடம். அவனியாபுரம், பாலமேடு, அலங்காநல்லூர் வாடிவாசல்களில் பொங்கலுக்கு அவிழ்த்துவிடும் காளைகளின் தீவனப் பட்டியலிலும் பருத்திக்கொட்டை தவறாது. மாட்டுக்கு ஆட்டிய அதே உரலில் மனிதருக்கும் ஒரு கை ஆட்டிப் பார்த்ததுதான் இந்தப் பானத்தின் பிறப்பு என்று ஊகித்தால் பிழையில்லை. மாட்டின் வயிற்றைச் சுற்றிக்கொண்டு வரவேண்டிய பால் நேர்வழியில் வந்துவிட்டது, அவ்வளவுதான்.

இங்கே 'பால்' என்ற சொல்லைப் பிடிக்கவேண்டும். தமிழுக்குப் பால் என்பது மடியில் சுரப்பது மட்டுமல்ல. தேங்காய்ப்பால், எள்ளுப்பால், கள்ளிப்பால், எருக்கம்பால் எல்லாம் பால்தான். குமரி மாவட்டத்தில் ரப்பர் மரத்தில் வடிவதையும் பால் என்றே சொல்வார்கள். நெற்கதிரில் மணி திரளும் நாளில் 'பால் பிடிச்சிருக்கு' என்று வரப்பில் நின்று சொல்லும் விவசாயி உவமை பேசவில்லை. கதிரைக் கிள்ளினால் வெள்ளையாக வடிவதைப் பார்த்துத்தான் சொல்கிறார்.

இந்தத் தாராளம் எல்லா இடத்திலும் இல்லை. 2017 ஜூன் 14 அன்று ஐரோப்பிய நீதிமன்றம், தாவரத்திலிருந்து எடுத்த பானத்தைப் 'பால்' என்று பெயரிட்டு விற்கக்கூடாது என்று தீர்ப்பளித்தது. 2021இல் இந்திய உணவுப் பாதுகாப்பு, தர நிர்ணய ஆணையமும் அதே வழியில் போனது. இரண்டு இடத்திலும் தேங்காய்ப்பால் போன்ற சிலவற்றுக்குப் பழைய வழக்கம் என்று விலக்கு. சிம்மக்கல் வண்டிக்கு எந்த அதிகாரியும் நோட்டீஸ் கொடுக்கவில்லை. கொடுத்தாலும் வேறு என்ன பெயர் வைப்பது? 'பருத்திக்கொட்டைச் சாறு' என்றால் குடிக்க ஆள் வராது.

செய்முறை எளிதுதான். வேலைதான் அதிகம். கொட்டையை முதல்நாள் இரவே ஊறப்போடவேண்டும். காலையில் நாலைந்து தண்ணீர் மாற்றி, ஒட்டியிருக்கும் பஞ்சுத் தூசும் அழுக்கும் போகக் கசக்கிக் கழுவவேண்டும். பிறகு உரலில், இப்போது கிரைண்டரில், தண்ணீர் தெளித்துத் தெளித்து ஆட்டினால் கறுப்புத் தோல் கிழிந்து உள்ளே இருக்கும் பருப்பு நசுங்கும். துணியில் கட்டிப் பிழிந்தால் மங்கலான வெள்ளையில் கெட்டியாக இறங்குவது முதல் பால். சக்கையில் மறுபடி தண்ணீர் விட்டு ஆட்டி இரண்டாம் பால், மூன்றாம் பால். ஊறவைத்து அரைத்த ஒரு கைப்பிடி பச்சரிசியை இதில் கரைத்து அடுப்பில் ஏற்றினால், அதற்குப் பிறகு கரண்டியைக் கீழே வைக்கக்கூடாது. ஒரு நிமிஷம் ஏமாந்தால் அடிபிடிக்கும். பச்சை வாசனை போய் மினுங்கிக்கொண்டு கொதிக்கும்போது கருப்பட்டிப் பாகோ மண்டைவெல்லப் பாகோ வடிகட்டி ஊற்றவேண்டும். கடைசியில் சுக்கு, ஏலக்காய். மார்கழிக் குளிரில் சிலர் திப்பிலியும் சித்தரத்தையும் தட்டிப் போடுவார்கள். டம்ளரில் ஊற்றியபின் மேலே தேங்காய்ப்பூ.

பண்டமா மருந்தா என்று கேட்டால் மதுரைக்காரர் இரண்டுக்கும் தலையாட்டுவார். நெஞ்சுச்சளிக்கு நல்லது, பிள்ளை பெற்றவளுக்குப் பால் ஊறும், வயிற்றுப்புண் ஆறும் என்று பெரியவர்கள் அடுக்குவார்கள். சளிக்கு இதமாக இருந்தால் அந்தப் பெருமையில் பாதி சுக்குக்கும் திப்பிலிக்கும் சூட்டுக்கும் சேரவேண்டியது என்றே தோன்றுகிறது. கொட்டையின் பங்கு சத்து: எடையில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு எண்ணெய், கிட்டத்தட்ட அதே அளவு புரதம்.

கொட்டைக்குள் இன்னொன்றும் உண்டு. பருப்பைக் குறுக்கே நறுக்கினால் மிளகுத்தூள் தெளித்ததுபோலக் கரும்புள்ளிகள் தெரியும். அவற்றில் இருப்பது காசிபால் என்ற நச்சு. பருத்தியின் தாவரவியல் பெயரான காசிபியத்திலிருந்து வந்த பெயர். இந்த 'பாலு'க்கும் நம் பாலுக்கும் உறவில்லை. அசைபோடும் மாட்டின் வயிறு இதைச் சமாளிக்கும். மனித வயிற்றுக்கு அந்தத் திறமை இல்லை. சீனாவில் சுத்திகரிக்காத பருத்தி எண்ணெயில் சமைத்த கிராமங்களில் குழந்தைப் பேறு குறைந்ததைக் கவனித்து, 1970களில் ஆயிரக்கணக்கான ஆண்களிடம் இதைக் கருத்தடை மருந்தாகவே சோதித்துப் பார்த்தார்கள். பக்கவிளைவுகளால் பிறகு கைவிட்டார்கள். அமெரிக்காவின் டெக்சாஸ் ஏ அண்ட் எம் பல்கலைக்கழகத்தில் கீர்த்தி ரத்தோர் குழு விதையில் மட்டும் காசிபால் மிகக் குறைந்த பருத்தியை உருவாக்கியது; 2019இல் அதை மனிதர் உண்ண அந்நாட்டு அரசு அனுமதித்தது. நன்றாக வேகவைப்பது இந்த நஞ்சின் வீரியத்தைக் குறைக்கும். கரண்டியைக் கீழே வைக்காமல் கொதிக்கவிடும் பழக்கம் அந்த வகையிலும் நல்லது. என்றாலும் எப்போதாவது ஒரு டம்ளர் என்பது வேறு, மருந்தென்று நம்பித் தினம் இரண்டு வேளை என்பது வேறு.

கடல் கடந்தால் இந்தப் பானத்துக்கு ஒன்றுவிட்ட உறவுகள் உண்டு. ஜாவாவில் பெண்கள் முதுகுக் கூடையில் புட்டி அடுக்கித் தெருத் தெருவாக விற்கும் மூலிகைப் பானம் ஜாமு. 2023இல் யுனெஸ்கோ அதைப் பண்பாட்டு மரபாகப் பட்டியலில் சேர்த்தது. ஜாமுவில் 'பராஸ் கென்ச்சூர்' என்று ஒரு வகை: ஊறவைத்த அரிசி, நம் நாட்டு மருந்துக் கடைக் கச்சோலம், இஞ்சி, பனைவகை வெல்லம். கொட்டையை மட்டும் கழித்துவிட்டால் பருத்திப்பாலின் கைப்பக்குவம்தான். பக்கத்துத் தீவான பாலியில் ஜாமு போன்ற மூலிகைப் பானத்துக்கு லோலோ என்று பெயர். அங்கே கிராமத்து வீடுகளில் சமையல் வகுப்பு என்று பயணிகளைக் காலையில் சந்தைக்குக் கூட்டிப்போய், தோட்டத்தில் கிழங்கு பறிக்கவைத்து, இஞ்சியும் மஞ்சளும் அரத்தையும் சேர்ந்த மசாலாவைக் கல்லில் அரைக்கவைத்து, லோலோ குடிக்கக் கொடுத்து அனுப்புகிறார்கள். பாலியின் மருத்துவச் சுவடிகளுக்கு உசாதா என்று பெயர். நம் 'ஔடத'த்தின் அதே வடமொழி வேர். சுவடியை லொந்தார் என்பார்கள். பனையோலை என்று பொருள்.

பாலியில் பருத்திக்கும் மருந்துக்கும் ஒரு முடிச்சு உண்டு. தெங்கானான் என்ற ஊரில் கையால் நூற்ற பருத்தியில் ஊடும் பாவும் முன்கூட்டியே சாயமேற்றி நெய்யும் துணிக்குக் கெரிங்சிங் என்று பெயர். கெரிங் என்றால் நோய், சிங் என்றால் இல்லை. போர்த்தினால் நோய் அண்டாது என்பது நம்பிக்கை. அவர்கள் பருத்தியின் இழையில் மருந்து கண்டார்கள். மதுரை கொட்டையில் கண்டது.

அந்தத் தீவுகளோடு சொல் கொடுக்கல்வாங்கல் இன்னொன்றும் இருக்கிறது. வாய் திறந்து மாட்டிக்கொண்டவர் 'பேசாம பருத்தி மூட்டை கிட்டங்கியிலயே இருந்திருக்கலாம்' என்பாரே, சரக்குக் கிடங்கைக் குறிக்கும் அந்தக் கிட்டங்கி இந்தோனேசியாவில் கூடாங் என்று வழங்குகிறது. இங்கிருந்து போன சொல் என்பதே பலர் கருத்து. கூடாங்தான் ஆங்கிலேயர் வாயில் கோடவுன் ஆகி, நம்மிடமே குடோனாகத் திரும்பி வந்தது.

பாலிக்காரர்கள் நடத்துவதுபோல ஒரு சமையல் வகுப்பை மதுரையில் யாராவது தொடங்கினால் முதல் பாடம் பருத்திப்பாலாக இருக்கட்டும் என்பது இக்கட்டுரையின் கட்சி. பெயரை மட்டும் ஆங்கிலத்தில் 'காட்டன் மில்க்' என்று பலகையில் எழுதவேண்டாம். படிப்பவர் மனதில் பஞ்சுதான் வந்து நிற்கும்.

வீட்டில் செய்பவர்களுக்கு ஒன்று. முன்பு கரிசலில் விளைந்தது கருங்கண்ணி போன்ற நாட்டு ரகம். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கம்போடியாப் பருத்தி வந்தது. 2002க்குப் பிறகு பி.டி. பருத்தி. விதைப்புக்கென்று பாக்கெட்டில் வருவது பூச்சிமருந்து கலந்து சாயம் பூசிய விதை. அதை வாயருகே கொண்டுபோகக்கூடாது. நாட்டு மருந்துக் கடையில், குடிக்கப் பால் எடுக்க என்று விவரம் சொல்லி, மருந்து கலக்காத கொட்டையாகக் கேட்டு வாங்குங்கள். அந்தச் சிரமம் வேண்டாமென்றால் சாயங்காலம் மாசி வீதிக்கு வாருங்கள். வண்டிக்காரரிடம், 'அண்ணே, சுக்குத் தூக்கலா, தேங்காப்பூ கூடப் போட்டு ஒண்ணு' என்று சொன்னால் போதும்.