பயிற்சியாளர் இருக்கை: சினாயிதா துர்ச்சினாவும் சோவியத் மகளிர் ஹேண்ட்பாலும்

சோவியத் மகளிர் ஹேண்ட்பாலின் வரலாற்றை வீராங்கனைகளின் பெயர்களைக் கொண்டு எழுதிவிடலாம். பயிற்சியாளர்களின் பெயர்களைக் கொண்டு எழுதப் புகுந்தால் பெரும்பாலும் ஆண்களே வருகிறார்கள். வெல்ல வேண்டியதையெல்லாம் வென்ற பெண்கள், ஆடி முடித்தபின் பயிற்சியாளர் இருக்கைக்கு ஏன் வரவில்லை? வந்த சிலரும் எப்போது வந்தார்கள்? இரண்டாவது கேள்விக்கு விடை கிடைத்தால் முதலாவதற்கும் கிடைத்துவிடும் என்பது என் கருத்து. அதற்குத் தக்க சான்று சினாயிதா துர்ச்சினா. 1946-இல் கீவில் பிறந்தவர். சோவியத் சீருடை அணிந்தவர் எல்லாரையும் 'ரஷ்யர்' என்று எழுதிவிடும் பழக்கம் பல ஏடுகளுக்கு உண்டு. இவர் உக்ரைன்காரர், ஆடியது கீவ் ஸ்பார்த்தாக் கழகத்துக்கு.

அக்கழகத்தை உருவாக்கியவர் இகோர் துர்ச்சின். பள்ளிச் சிறுமிகளைச் சேர்த்து அவர் தொடங்கிய குழுவில் சினாயிதாவும் ஒருவர். பின்னாளில் இருவரும் மணந்துகொண்டார்கள். 1969 முதல் 1988 வரை 20 ஆண்டுகள் தொடர்ச்சியாகச் சோவியத் பட்டம் ஸ்பார்த்தாக்கிடமே இருந்தது. 1970-க்கும் 1988-க்கும் இடையில் ஐரோப்பியச் சாம்பியன் கோப்பையை அது 13 முறை வென்றது. 1970-களிலிருந்து தேசிய அணியும் துர்ச்சின் பொறுப்பில்தான். கழகம், நாடு இரண்டுக்கும் ஒரே ஆள். அவரோ தோற்பது அரிது. அந்த நாற்காலி காலியாக வழியே இல்லாமல் போனது.

அந்த அணியின் ஆட்டத்தை நடத்தியவர் சினாயிதா. 40 மீட்டர் நீளமும் 20 மீட்டர் அகலமும் கொண்ட ஆடுகளத்தில் இலக்கைச் சுற்றி 6 மீட்டர் வளைவு ஒன்று உண்டு. அதற்குள் கோல்காப்பாளர் மட்டுமே கால் வைக்கலாம். வளைவின் விளிம்பில் எதிரணி அரணாக நிற்கும். அதற்கு எதிரே சில மீட்டர் தள்ளி, நடுவில் நின்று பந்தைப் பிரித்துக் கொடுப்பவர்தான் அரண் எங்கே இளகுகிறது என்று பார்க்க வேண்டும். வலப்பக்கம் எறிவதுபோல் தோளைத் திருப்புவார்; தடுப்பாளர் ஓரடி நகர்வார்; அந்த இடைவெளியில் பந்து வளைவருகே நிற்கும் தோழியின் கைக்குப் போய்விடும். ஆட்டம் நடக்கும்போதே முடிவெடுக்கும் இந்தப் பொறுப்பைப் பாதிப் பயிற்சியாளர் வேலை என்று சொல்லலாம். சினாயிதா அதை ஏறக்குறைய கால் நூற்றாண்டு செய்தார்.

மகளிர் ஹேண்ட்பால் முதன்முதலாக இடம்பெற்ற 1976 மான்ட்ரியல் ஒலிம்பிக்கில் ஆறு அணிகள். சோவியத் அணி ஐந்து ஆட்டங்களையும் வென்றது. 1980 மாஸ்கோவிலும் அப்படியே. 1984-இல் சோவியத் ஒன்றியம் லாஸ் ஏஞ்சல்ஸ் போட்டியைப் புறக்கணித்தது. 1988 சியோலில், தம் 42-ஆம் வயதில், சினாயிதா வெண்கலம் பெற்றார், தங்கம் தென்கொரியாவுக்கு. 20-ஆம் நூற்றாண்டின் சிறந்த வீராங்கனையாகச் சர்வதேச ஹேண்ட்பால் கூட்டமைப்பு அவரைத் தேர்ந்தெடுத்தது.

1991-இல் சோவியத் ஒன்றியம் கலைந்தது. விளையாட்டுச் சங்கங்களைத் தாங்கிவந்த அரசுப் பணமும் நின்றது. சம்பளம் கிடைக்கும் இடம் தேடி வீராங்கனைகள் மேற்கே போனார்கள். ஆஸ்திரியாவின் ஹிப்போ கழகத்தில் சேர்ந்த சிலர் அந்நாட்டுக் குடியுரிமையும் பெற்றார்கள். 1992 முதல் 1995 வரை ஐரோப்பியக் கோப்பை ஹிப்போவுக்கே போனது. 1993 நவம்பரில், அணியுடன் புகாரெஸ்ட் சென்றிருந்த இகோர் துர்ச்சின் மாரடைப்பால் இறந்தார். கழகப் பொறுப்பு சினாயிதாவிடம் வந்தது.

அவர் பயிற்சியாளரான காலம் ஐரோப்பியக் கோப்பைகள் இல்லாத காலம். இதை வைத்து, 'சிறந்த வீராங்கனை, சுமாரான பயிற்சியாளர்' என்று தீர்ப்பு எழுதுவது நியாயமில்லை. கணவர் நடத்தியது அரசு தாங்கிய, நாடெங்கும் போட்டியில்லாத கழகம். மனைவிக்குக் கிடைத்தது ஆட்டக்காரர்கள் விலகிக்கொண்டிருந்த கழகமும் அதன் பழம்பெயரும். அதைக் கலையவிடாமல் காத்ததையே அவருடைய பயிற்சியாளர் பணியின் அளவுகோலாகக் கொள்ள வேண்டும்.

ரஷ்யாவில் நிலைமை வேறாக இருந்ததா? 2001, 2005, 2007, 2009 உலகப் பட்டங்களும் 2016 ரியோ தங்கமும் பயிற்சியாளர் யெவ்கேனி திரெஃபீலோவின் காலத்தவை. இடைநேரம் கேட்டுப் பச்சை அட்டையை மேசையில் வைத்துவிட்டு, அந்த ஒரு நிமிடத்தையும் கத்தியே தீர்ப்பவர் என்று பெயர் எடுத்தவர். அவருக்குப் பின் ஸ்பெயினிலிருந்து அம்புரோஸ் மார்ட்டின் வந்தார், பிறகு அலெக்சேய் அலெக்சேயெவ், டோக்கியோவில் வெள்ளி. அதன் பிறகே, 2001-இல் உலகப் பட்டம் வென்ற அணியில் ஆடிய லியுத்மிலா பொத்னியேவாவுக்குத் தலைமைப் பயிற்சியாளர் பதவி வந்தது. ஊக்கமருந்து விவகாரத் தடையால் 2021 டிசம்பர் உலகப் போட்டியில் நாட்டின் பெயரோ கொடியோ இல்லாமல், தேசிய ஹேண்ட்பால் கூட்டமைப்பின் பெயரில் அவர் அணி ஆடி, காலிறுதியில் நார்வேயிடம் தோற்றது. சில வாரங்களில் உக்ரைன் போர் மூண்டது. 2022 பிப்ரவரி இறுதியில் ஐரோப்பியக் கூட்டமைப்பு ரஷ்ய அணிகளை விலக்கியது. பெரிய போட்டிகளில் வழிநடத்த அவருக்கு அணி இல்லாமல் போயிற்று.