1958: ஒரு கிண்ணமும் நாடில்லாத கெடிகளும்

எல்லயில் இறங்கி பசறை வீதியில் நடந்தால் நியூபர்க் தேயிலைத் தொழிற்சாலை வரும். நாங்கள் சின்ன வயசிலிருந்து அந்தப் பெயரைச் சொல்லி வளர்ந்தவர்கள்தான், ஆனா அது ஒரு ஊரின் பெயர் என்று யோசிச்சதே இல்லை. ஸ்கொட்லாந்தில் ஃபைஃப் என்ற பகுதியில் நியூபர்க் என்று ஒரு ஊர் இருக்கு. கோல்ப் விளையாட்டின் தாய்வீடு என்று சொல்லப்படும் சென் அன்ட்ரூஸும் அதே ஃபைஃபில்தான். இங்கே தோட்டங்களை நடத்திய தொரைமாரில் நிறையப் பேர் ஸ்கொட்லாந்துக்காரர்கள். அவர்கள் ஊர்ப் பெயர்களைக் கொண்டுவந்தார்கள், கோல்ப்பையும் கொண்டுவந்தார்கள். நுவரெலியா கோல்ப் கழகம் 1889இல் தொடங்கியது. எங்க முப்பாட்டன்மார் அப்போ மலையில் காடு வெட்டிக்கொண்டும் கொழுந்து எடுத்துக்கொண்டும் இருந்திருப்பார்கள்.

இந்தக் கட்டுரை அந்த சென் அன்ட்ரூஸில் 1958 ஒக்டோபரில் நடந்த ஒரு போட்டியைப் பற்றியது. கோல்ப் என்றால் தனி ஆள் விளையாட்டு, பணக்காரன் விளையாட்டு என்றுதான் நாங்களும் நினைச்சிருந்தோம். நாடுகள் அணி அணியா மோதும் ஐசனோவர் கிண்ணம் அந்த வருசம்தான் முதன்முதலா நடந்தது. அப்போதைய அமெரிக்க ஜனாதிபதி கோல்ப் பைத்தியம், அவர் பெயரையே வைத்துவிட்டார்கள். 29 நாடுகள் வந்தன. ஒரு அணிக்கு நாலு பேர். நாலு நாள், நாளுக்கு 18 குழி. ஒவ்வொரு நாளும் நாலு பேரில் நல்லா ஆடிய மூணு பேரின் கணக்கை மட்டும் கூட்டுவார்கள். கோல்ப்பில் குறைச்சலா அடிச்சவன்தான் ஜெயிச்சவன் என்பதை ஞாபகம் வச்சுக்கொள்ளுங்கள். (இப்போ அணிக்கு மூணு பேர்தான், கணக்கில் சேருவது இரண்டு பேருடையது.)

நாலு நாள் முடிவில் அவுஸ்திரேலியாவும் அமெரிக்காவும் ஆளுக்கு 918. பிரிட்டனும் அயர்லாந்தும் சேர்ந்த அணி 919. ஒரே ஒரு அடி! சமநிலையை முறிக்க இரண்டு அணிகளும் இன்னொரு நாள் ஆடின. அவுஸ்திரேலியா 222, அமெரிக்கா 224. ஜெயிச்ச அணியில் இருந்த புரூஸ் டெவ்லின் தொழிலால் குழாய் வேலைக்காரர். இதைப் படிச்சப்போ எங்களுக்குக் கொஞ்சம் சந்தோசம்.

ஆனா எங்களை ரொம்ப நேரம் பேச வச்சது இந்தக் கணக்கு இல்லை. அமெரிக்க அணியின் தலைவர் பொபி ஜோன்ஸ். 1930இல் நாலு பெரிய பட்டங்களையும் ஒரே வருசத்தில் ஜெயிச்சு, 28 வயசில் விளையாட்டை விட்டவர். கடைசிவரை காசுக்கு ஆடாத அமெச்சூர். 1958இல் முதுகுத்தண்டு நோயால் அவரால் ஒழுங்கா நடக்க முடியாது. அந்தப் போட்டி நாட்களில் சென் அன்ட்ரூஸ் நகரம் அவரைத் தன் ஊர்க்காரராக ஏற்றுக்கொண்டு கௌரவித்தது. அவருக்கு முன் அந்தக் கௌரவம் பெற்ற அமெரிக்கர் 1759இல் பெஞ்சமின் பிராங்க்ளின். அதோடு சில பழைய உரிமைகளும் சேர்ந்து வந்தன. திடலில் முயல் பிடிக்கலாம், முதல் குழிக்கும் கடைசிக் குழிக்கும் போகும் புல்வெளியில் துவைச்ச துணியைக் காயப்போடலாம்!

லயத்து வாசலில் கொடி கட்டித் துணி காயப்போட்டு வளர்ந்த எங்களுக்கு இதைப் படிச்சதும் சிரிப்பு வந்தது. அப்புறம் அதே வருசம் இங்கே என்ன நடந்தது என்று பார்த்தோம்.

1947 தேர்தலில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் 7 இடங்களை வென்றது. பதுளையில் எஸ்.எம். சுப்பையா. கோல்ப் திடல் இருக்கிற நுவரெலியாவில் தொண்டமான். மறுவருசமே 1948இன் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது, சுமார் ஏழு லட்சம் மலையகத் தமிழர் நாடற்றவர் ஆனார்கள். 1949இல் வாக்கும் போச்சு. 1952 தேர்தலில் அந்த ஏழு இடங்களில் ஒன்றுகூட மிஞ்சவில்லை. 1958இலும் எங்க ஆட்களில் பெரும்பாலானவர்கள் எந்த நாட்டுக்காரரும் இல்லை. ஒப்பந்தம் கிழிக்கப்பட்டதும் மே மாதக் கலவரமும் அதே 1958தான். கடல் தாண்டி வந்த அமெரிக்கரை ஒரு ஊர் எங்க ஆள் என்று எழுதிக்கொண்ட வருசத்தில், இதே மண்ணில் பிறந்தவர்களைக் கள்ளத்தோணி என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள்.

எங்களில் ஒருத்தியின் தாத்தா சின்னப் பையனா இருந்தப்போ ஒரு தொரைக்குக் கெடியாகப் போயிருக்கிறார். பையைத் தூக்கிக்கொண்டு பின்னால் நடக்கணும். "பந்து எங்க விழுந்துச்சுன்னு பாக்குறதுதான் நம்ம வேலை. அடிக்கிறது தொரை வேலை" என்பார். பாதை எங்கே சரியுது, காத்து எந்தப் பக்கம் அடிக்குது, எல்லாம் கெடிக்குத் தெரியும். அப்படி ஒரு பையன் மட்டையைப் பிடிச்சு நல்லாவே அடிச்சிருந்தால்கூட, எந்தப் பாஸ்போர்ட்டில் நாட்டுக்காக ஆடப் போயிருப்பான்? பாஸ்போர்ட் கிடைச்சாலும் அமெச்சூர் என்ற இன்னொரு கதவு இருந்தது. ஐசனோவர் கிண்ணம் அமெச்சூர்களுக்கு மட்டும். ஒரு காலத்தில் அமெரிக்க விதிப்படி, குறிப்பிட்ட வயசுக்குமேல் கூலிக்குப் பை தூக்கினாலே அமெச்சூர் தகுதி போய்விடும். கூலி வாங்காமல் விளையாட யாரால் முடியும் என்று யாரும் கேட்டதாகத் தெரியலை.

1964இல் சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பிரித்தது. மிச்சம் 1,50,000 பேரை 1974இல் பாதி பாதியாகப் பங்குபோட்டார்கள். கோல்ப் கணக்கைவிட இந்தக் கணக்கு சுலபம், இதில் ஆள்களின் பெயர் வராது. கடைசியா மிஞ்சியிருந்தவர்களுக்கும் பிரஜாவுரிமை கொடுக்கிற சட்டம் வந்தது 2003இல். எங்களில் சிலர் பிறந்த காலம்தான் அது.

பிறகு இலங்கை அணி ஐசனோவர் கிண்ணத்திலும் ஆடியது. நந்தசேன பெரேரா மாதிரி கெடியாகத் தொடங்கியவர்களே நாட்டின் பெரிய வீரர்கள் ஆனார்கள். நுவரெலியாக் கழகத்திலிருந்து என். தங்கராஜா, கே. பிரபாகரன் என்ற பெயர்கள் வந்தன. தங்கராஜா இலங்கைக்காக ஆடி, அப்புறம் தொழில்முறை வீரராகி, இந்தியத் தொழில்முறைத் தொடரிலும் ஜெயிச்சவர்.

போன விடுமுறையில் தாத்தாவிடம் போனில் ஒரு புள்ளிப் பட்டியலைக் காட்டினோம். தங்கராஜா பெயர், பக்கத்தில் குட்டியாகச் சிங்கக் கொடி. கண்ணாடியைத் துடைச்சுப் போட்டுக்கொண்டு ரெண்டு தடவை வாசிச்சார். "எந்தத் தோட்டத்துப் புள்ள?" என்று கேட்டார். கொஞ்ச நேரம் கழிச்சு, "இவனுக்குப் பை யாரு தூக்குறா?"