133 படிகள் ஏறிய பியானோ

கணவரின் பிறந்தநாளுக்கு, அவருக்குத் தெரியாமல் ஒரு பியானோ வாங்குகிறார் மனைவி. மரப்பெட்டியில் அடைத்த அந்தப் பியானோவைக் குதிரை வண்டியில் ஏற்றிக்கொண்டு நகைச்சுவை இரட்டையர் லாரலும் ஹார்டியும் புறப்படுகிறார்கள். ஹால் ரோச் ஸ்டுடியோவில் ஜேம்ஸ் பாரட் இயக்கி, 1932-இல் வெளிவந்த ‘தி மியூசிக் பாக்ஸ்’ குறும்படம் இப்படித்தான் தொடங்குகிறது.

வீடு மேட்டின் உச்சியில். ஏறிப்போகச் செங்குத்தான படிக்கட்டு. இருவரும் முக்கி முனகி ஏற்றுகிறார்கள். குழந்தை வண்டியோடு ஒரு தாதி எதிரே வருகிறாள். அவளுக்கு வழிவிட ஒதுங்கியதும், பெட்டி கைநழுவி அடிவாரம் வரை ஓடிவிடுகிறது. மறுபடி ஏற்றம், மறுபடி சறுக்கல். ஒருமுறை ஹார்டியையும் சேர்த்தே இழுத்துப் போகிறது. ஒருவழியாக உச்சிக்குக் கொண்டுவந்த பிறகு தபால்காரர் சொல்கிறார், வண்டியிலேயே வர சாலை இருக்கிறதென்று. உடனே பெட்டியைக் கீழே இறக்கி, வண்டியில் ஏற்றி, சாலை வழியாக அதே இடத்துக்கு வந்து சேர்கிறார்கள்!

1927-இல் இதே படிகளில் ஒரு துணி துவைக்கும் இயந்திரத்தை இவர்கள் சுமந்திருக்கிறார்கள். ‘ஹேட்ஸ் ஆஃப்’ என்ற அந்த ஊமைப்படத்தின் பிரதி இன்று எங்கும் இல்லை. அதில் இயந்திரம் விழுந்திருந்தாலும் சத்தம் கேட்டிருக்காது. பியானோவோ படிக்குப் படி அலறுகிறது. மூடிய பெட்டிக்குள் தந்திகள் அதிரும் அந்த ஓசையில்தான் அதன் எடை நமக்கு உறைக்கிறது. பேசும்படம் வந்ததும் பலர் வசனத்தைக் கொட்டினார்கள். இவர்களோ ஒலியைக் கொண்டு ஒரு பொருளுக்கு உயிர் கொடுத்தார்கள்.

வீட்டுக்குள் வந்த பியானோ, தானாகவே இசைக்கும் வகை என்பதால், இசைக்கத் தொடங்குகிறது. அதற்கேற்ப ஆடிக்கொண்டே இருவரும் இறைந்து கிடப்பதை ஒழுங்கு செய்யும் காட்சி, எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அலுக்காத ஒன்று. பியானோ என்றாலே பிடிக்காத வீட்டுக்காரப் பேராசிரியர் வந்து, கோடரியால் அதைப் பிளந்துவிடுகிறார்.

நகைச்சுவைக் குறும்படத்துக்கென்று ஆஸ்கர் வழங்கப்பட்ட முதல் முறை, அதை வென்றது இந்தப் படம்தான். லாஸ் ஏஞ்சலஸின் சில்வர் லேக் பகுதியில், வெண்டோம் தெருவிலிருந்து ஏறும் அந்தப் படிகள் இன்றும் இருக்கின்றன.

படத்தைப் பார்த்து முடித்ததும், படிக்கட்டுக் காட்சியை மட்டும் ஒருமுறை கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள். பெட்டி எங்கே நழுவியது, எங்கே நின்றது என்று காதே சொல்லிவிடும்.